ட்ரேயைச் சாய்க்காதே

ஜன்னல் சீட்டா வேணும்? தாராளமா உட்காருங்க. எனக்கு இந்த ஓரம்தான் வசதி. இங்கே இருந்தால்தான் முன்னாடி தெரியும். அதோ, டிரைவருக்குப் பின்னாடி ரெண்டாவது வரிசை, ஆம்பளைங்க பக்கம். வெளிர்நீலச் சட்டை, கழுத்தில் மஃப்ளர், மடியில் ஒரு சதுரப் பொட்டலத்தைக் கைக்குழந்தை மாதிரி அணைச்சுக்கிட்டு ஒருத்தர் உட்கார்ந்திருக்கார் பாருங்க. அவர்தான் எங்க வீட்டுக்காரர். இன்னும் மலையே ஏறலை, மேட்டுப்பாளையத்து வெயில்ல மஃப்ளர்.

பொட்டலத்துல என்னன்னு கேட்கறீங்களா? கேட்கலையா. பரவாயில்லை, சொல்றேன். அந்தக் காதுல இருக்கிறதை மட்டும் எடுத்துடுங்க. ரெண்டையும்.

அது பிரட். பிரட், முட்டை, பால், சீஸ், கோழி சாசேஜ், வெங்காயம், குடைமிளகாய், ஆப்பிள், நாட்டுச் சர்க்கரை, பட்டைப் பொடி. ஆமாங்க, எல்லாம் ஒரே ட்ரேயில்தான். நீங்க முகம் சுளிச்சீங்க பாருங்க, நானும் முதல் தடவை அப்படித்தான் சுளிச்சேன். இதுக்குப் பேர் கேசரோலாம். கேசரோல்னா நமக்கெல்லாம் சப்பாத்தி போட்டு வைக்கிற சூடு டப்பாதானே? இவருக்கு அது வேற. போன்ல ஒரு அமெரிக்காக்காரி வருவா, வெள்ளை ஏப்ரன் கட்டிக்கிட்டு, பல் தெரியச் சிரிச்சுக்கிட்டு. முந்தின நாள் சாயங்காலமே எல்லாத்தையும் ட்ரேயில் அடுக்கி, முட்டையும் பாலும் அடிச்சு மேலே ஊத்தி, மூடி ஃப்ரிட்ஜ்ல வச்சுடணும். ராத்திரி பூரா பிரட் அதையெல்லாம் குடிச்சு ஊறும். காலையில் 'அவன்'னு சொல்ற கரண்ட் அடுப்புல வச்சு எடுத்தா இனிப்பும் காரமும் ஒண்ணா இருக்கும், அம்மா நிம்மதியாத் தூங்கலாம்னு அவ சொல்றா. அவ வீட்டு அம்மா தூங்குவா போலிருக்கு.

இதைத்தான் நாங்க போர்டிங்ல பிரட் புட்டிங்னு சாப்பிட்டோம். நான் ஊட்டி கான்வென்ட்ல படிச்சவ, தெரியுமில்ல, தெரியாது, இப்போ சொல்றேன். வாரம் முழுக்க மிஞ்சின பிரட்டை எல்லாம் சேர்த்து வெள்ளிக்கிழமை ஒரு புட்டிங் வரும். நாங்க மூக்கைப் பிடிச்சுக்கிட்டு முழுங்குவோம். அதைச் சொன்னேன் இவர்கிட்ட. "ஏங்க, இது பழைய பிரட் புட்டிங்தானே, இதுக்கு எதுக்கு இவ்வளவு ஆர்ப்பாட்டம்?"னு சாதாரணமாத்தான் கேட்டேன். ரெண்டு நாள் என்கூடப் பேசலை. அந்த ரெண்டு நாளும் நல்லாத்தான் இருந்தது.

ரிட்டயர் ஆகற வரைக்கும் இவருக்கு அடுப்பு எந்தப் பக்கம் திருகினா எரியும்னு தெரியாதுங்க. நான் விட்டதில்லை. ஒரு டம்ளர் தண்ணி தானே எடுத்துக் குடிக்க விட்டதில்லை. சமையல்கட்டு வாசப்படியில் கால் வச்சாலே, "என்ன வேணும், அங்கேயே நில்லுங்க, எடுத்துத் தரேன்"னு சொல்லிடுவேன். அப்படி ஒரு ராஜ வாழ்க்கை வாழ்ந்த மனுஷன். ரிட்டயர் ஆன மறுநாள் காலையில் பார்த்தா சமையல்கட்டு நடுவில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருக்கார். "பிரமி, பால் பொங்கப் போகுது." முப்பது வருஷமா நான் பொங்க விடாத பால். "பிரமி, கேஸைக் குறைச்சு வச்சா மிச்சமாகும்." "பிரமி, இந்த டப்பாவுக்கெல்லாம் ஏன் பேர் ஒட்டக்கூடாது?" ஒட்டினார். என் சமையல்கட்டுல மிளகுன்னு எழுதின டப்பாவுல மிளகு இருக்கு. கடுகுன்னு எழுதினதுல கடுகு. எனக்கு ஒண்ணும் கிடைக்க மாட்டேங்குது.

கொஞ்சம் அந்த ஜன்னலைச் சாத்துங்க. இல்லை, முழுசா. ம்.

அப்புறம் அந்த 'அவன்' அடுப்பை வாங்கினார். வாக்கிங் போற ஆளுங்களை ஞாயிற்றுக்கிழமை டிபனுக்குக் கூப்பிட ஆரம்பிச்சார். சனிக்கிழமை சாயங்காலம் எங்க வீட்டுக்கு நீங்க வந்து பார்க்கணும். பிரட்டை ஸ்கேல் வச்சு அளந்து வெட்டுவார். வெட்டறது மட்டும்தான் அவர். வெங்காயம் உரிக்கிறது நான். சாசேஜ் வதக்கறது நான், எண்ணெய் தெறிக்குமாம் அவருக்கு. பால் காய்ச்சி ஆற வைக்கிறது, சீஸ் துருவறது, முட்டை அடிச்ச பாத்திரத்தைக் கவுச்சி போகத் தேய்க்கிறது எல்லாம் நான். கடைசியில் எல்லாம் தயாரா இருக்கும்போது ஏப்ரன் கட்டிக்கிட்டு வந்து ட்ரேயில் அடுக்குவார். அடுக்கிட்டு உப்புப் பார்க்கவும் தெரியாது. பச்சை முட்டையில் என்ன உப்புப் பார்க்கறது? நான்தான் கண்ணாலேயே பார்த்து, அவர் அந்தப் பக்கம் போனதும் ஒரு சிட்டிகை போட்டு, மிளகைத் தூவி, ஃப்ரிட்ஜ்ல வைப்பேன். போடாம விட்டா என்ன ஆகும்? ஞாயிற்றுக்கிழமை எட்டு பேர் என் வீட்டு டைனிங் டேபிள்ல உட்கார்ந்து உப்பில்லாத பிரட்டைத் தின்னுவாங்க. யாருக்கு அசிங்கம்?

வந்தவங்க என்ன சொல்வாங்கன்னு நினைக்கறீங்க? "வேலு சார், கலக்கிட்டீங்க!" அவர் முழுப் பேர் குழந்தைவேலு, ஊருக்கு வேலு சார். அப்புறம் என் பக்கம் திரும்பி, "மேடம், நீங்க கொடுத்து வச்சவங்க." எதிர் வீட்டு சுமித்ரா சொல்றா, "அக்கா, எங்க வீட்டுல ஒரு காபி போட்டுத் தரச் சொல்லுங்க பார்ப்போம், நீங்க எல்லாம் எந்தச் சாமிக்கு எந்தப் பூ போட்டீங்களோ." என் பொண்ணு ஹைதராபாத்ல இருந்து போன் பண்ணி, "அப்பா எவ்வளவு ஸ்வீட்டும்மா, நீ ஏம்மா எப்பவும் சிடுசிடுன்னு இருக்கே?"ன்னு என்னைக் கேட்கறா.

நான் என்னங்க பதில் சொல்றது? குடிக்கிறார்னு சொல்லலாம், அடிக்கிறார்னு சொல்லலாம், நாலு பேர் ஐயோ பாவம்னு சொல்வாங்க. பிரட்டை வெட்டினார்னு போய் யார்கிட்ட அழறது? கொடுத்து வச்சவ வாயைத் திறக்கவே முடியாது. குளியலறைதான் எனக்கு மிச்சம். அங்கேயும் கதவைத் தட்டி, "பிரமி, பட்டைப் பொடி எங்கே?" பேர் ஒட்டினவர் அவர்தான். பேர் ஒட்டினவருக்கே கிடைக்கலை.

வளைவு வருது, கம்பியைப் பிடிச்சுக்கங்க. அடடா, அங்கே பாருங்க, அவர் பொட்டலத்தைத் தலைக்கு மேலே தூக்கறார். பஸ்ஸோட சேர்ந்து அவரும் சாயறார். கொட்டப் போகுது. நான் அப்பவே சொன்னேன், அலுமினியத் தாளை ரெண்டு சுத்து சுத்துங்கன்னு. அப்படிச் சுத்தினா உள்ளே வேர்த்துப் போகும்னு ஒரு தத்துவம் சொன்னார்.

எங்கே விட்டேன்? ஆங், ஊட்டி. எங்க பேட்ச்ல நாங்க நாலு பேர். நான், ரெஜினா, ஜெயஸ்ரீ, மும்தாஜ். ரெஜினா ஊட்டியிலேயே செட்டில் ஆனவ. வீட்டுக்காரர் போனதுக்கப்புறம் பெரிய வீட்டுல தனியா இருக்கா. அவதான் கூப்பிட்டா. ரெண்டு நாள், நாலு பேரும், ஹால்ல மெத்தையை விரிச்சு வரிசையாப் படுத்துக்கிட்டு, சமைக்காம, குளிக்காம, பேசிக்கிட்டே இருக்கலாம். புருஷன் கிடையாது, பிள்ளை கிடையாது. இதுதான் அவ போட்ட சட்டம். எனக்குக் கல்யாணம் ஆனதுல இருந்து இப்படி ஒண்ணு கிடைச்சதே இல்லைங்க. நான் ரெண்டு மாசமா அதை நினைச்சுத்தான் வெங்காயம் உரிச்சேன். போனதும் ரெஜினாகிட்ட எல்லாத்தையும் கொட்டணும். அந்த ஸ்டூல், அந்த ஸ்கேல், அந்த ஏப்ரன், எல்லாம். அவ ஒருத்திதான் 'கொடுத்து வச்சவ'ன்னு சொல்ல மாட்டா. விழுந்து விழுந்து சிரிப்பா. எனக்கு யாராவது சிரிக்கணும்.

போன வாரம் ரெஜினா போன் பண்ணினா. நான் துணி காயப் போட்டுக்கிட்டிருந்தேன். என் போனை இவர் எடுத்தார். எடுக்கட்டும். "நல்லா இருக்கீங்களாம்மா"ன்னு கேட்டுட்டுக் குடுக்கலாமில்ல? "மேடம், நீங்க யாரும் சமையல்கட்டுப் பக்கமே போகக்கூடாது, காலை டிபன் என் பொறுப்பு!" அவ பாவம், மரியாதைக்கு, "அப்போ நீங்களும் வாங்கண்ணா"ன்னு சொல்லியிருக்கா. நாம யாரைத்தான் வராதீங்கன்னு சொல்றோம்? இவர் வந்து என்கிட்ட சொல்றார், முகமெல்லாம் பல்: "பிரமி, உன் ஃபிரண்ட்ஸ் என்னைக் கூப்பிட்டுட்டாங்க."

நான் சொன்னேனே. "அது லேடீஸ் மட்டும்ங்க"ன்னு தெளிவாச் சொன்னேன். "நான் என்ன உங்க நடுவிலயா வந்து படுக்கப் போறேன்? மாடி ரூம்ல இருந்துக்கறேன். மறுநாள் காலையில் 'அவன்'ல வச்சு எடுத்துக் குடுப்பேன், அவ்வளவுதான்"னார். மாடி ரூம்! மரத்தரைங்க அந்த வீடு. மேலே ஒருத்தர் இருமினா கீழே கேட்கும், கீழே ஒருத்தி சிரிச்சா மேலே கேட்கும். இவர் கேட்டுக்கிட்டு இருக்கும்போது இவரைப் பத்தி நான் என்ன பேச முடியும்? அதனாலதான் உங்ககிட்ட சொல்லிக்கிட்டு வரேன். இல்லாட்டி நான் அறிமுகம் இல்லாதவங்ககிட்ட பேசற ஆளே கிடையாது.

என்ன சத்தம் அங்கே? இருங்க, இருங்க. ஐயோ. பக்கத்துல உட்கார்ந்திருந்தவர் எழுந்துட்டார். கறுப்பு வேட்டி. கடவுளே, மாலை போட்டவரா அவர்? கார்த்திகை மாசத்துல பஸ்ல பக்கத்துல யார்னு பார்த்து உட்கார வேண்டாமா?

"என்ன சாமி இது, வேட்டியெல்லாம் பால்!"

"பால் மட்டும் இல்லைங்க, முட்டையும் இருக்கு" - கேட்டீங்களா? கேட்டீங்களா என்ன சொல்றார்னு? பால்னு நினைச்சுக்கிட்டுப் போயிடுவாரே அந்த மனுஷன்!

"சாமி, நான் விரதம் சாமி! முட்டையைக் கொண்டாந்து மேல ஊத்தறீங்களே!"

"தெரியாம நடந்துடுச்சுங்க சாமி. முட்டை இந்தப் பக்கம்தான். சாசேஜ் அந்தப் பக்கம், அது சிந்தலை, பயப்படாதீங்க."

வாயை மூடுங்களேன்! இங்கே இருந்து கத்தினாலும் காதுல விழாது அவருக்கு. ஜெயஸ்ரீ முட்டை சாப்பிடுவா, கறி சாப்பிட மாட்டா. அதனால் ட்ரேயைப் பாதியாப் பிரிச்சு, நடுவில் பல்குத்தும் குச்சியை வரிசையா நட்டு எல்லை போட்டிருக்கார். ஊறப் போட்ட பாலுக்கு எல்லை தெரியுமான்னு கேட்டேன். "குச்சி தெரியுமில்ல"ங்கறார். இப்போ அந்தப் பெரியவர் பின் சீட்டுக்குப் போறார். பாவம், தண்ணி பாட்டிலைக் கவிழ்த்து வேட்டியை அலசிக்கிட்டே போறார். எங்க வீட்டுக்காரர் ரெண்டு பேர் சீட்டுல ஒத்தையா உட்கார்ந்திருக்கார். திரும்பி என்னைப் பார்க்கறார். நான் பார்க்க மாட்டேன்.

பஸ் நிக்குதே. பர்லியாறா? சரிதான், இங்கே டீக்கு நிறுத்துவாங்க. கண்டக்டர் என்ன சொல்றார்? "ரொம்ப நேரம் நிக்காது, சட்டுனு வந்துருங்க." நீங்க இறங்கலையா? நானும் இறங்கலை. இந்தக் குரங்குங்களோட யார் மல்லுக்கட்டறது?

வரார் பாருங்க. ட்ரேயோட வரார். சிரிக்காதீங்க, சிரிச்சா நின்னு பேச ஆரம்பிச்சுடுவார்.

"பிரமி, இதைப் பிடி. நேரா. ட்ரேயைச் சாய்க்காதே. ரொம்ப சூடாயிடுச்சு, ஜூஸ் கடையில் ஐஸ் கிடைக்குதான்னு பார்த்துட்டு வரேன்."

"இங்கே எங்கேங்க ஐஸ்? இன்னும் கொஞ்ச நேரத்துல குளிரே வந்துடும்."

"முட்டை விஷயம் பிரமி, ரிஸ்க் எடுக்கக்கூடாது. வணக்கம்மா, நீங்களும் ஊட்டியா? எங்க மிஸஸ் உங்களைப் போர் அடிக்கிறாங்களா? நாளைக் காலையில் வாங்களேன், பிரேக்ஃபாஸ்டுக்கு!"

"நீங்க போங்க முதல்ல."

பார்த்தீங்களா, உங்களையும் கூப்பிட்டுட்டார். ரெஜினா வீட்டுக்கு. எனக்கே அங்கே இடம் இருக்கான்னு தெரியலை. எவ்வளவு கனம் பாருங்க இது. ஓரமெல்லாம் பிசுபிசுன்னு. கொஞ்சம் தாளை விலக்கிப் பார்க்கறேன். ம். குச்சியெல்லாம் ஒரே பக்கமா சாஞ்சு கிடக்கு. ஆனா கறி எல்லை தாண்டலை, நான் சாசேஜை நல்லா சுருள வதக்கிட்டேனே, அதான். வாசனை பிடிங்க. பட்டை, மிளகு. மோசமில்லைங்க. இது நான் போட்ட மிளகு.

எங்கே போனார் பாருங்க. ஜூஸ் கடையைத் தாண்டி, பழக்கடையைத் தாண்டி, அந்தப் பக்கம் போறார். எதுக்கு அந்தப் பக்கம்? மறைஞ்சுட்டார். ஹோட்டல்ல கேட்கப் போயிருப்பார். அங்கே நின்னு அவங்களுக்கும் செய்முறை சொல்வார்.

எல்லாரும் ஏறறாங்க. டிரைவரும் வந்தாச்சு. கண்டக்டர் நம்ம பக்கம் பார்த்துக் கேட்கறார்.

"பக்கத்து சீட் ஆளுங்க எல்லாரும் வந்தாச்சுங்களா? பாத்துச் சொல்லிப்போடுங்க. அப்புறம் மேல போய்ட்டு ஆளை விட்டுட்டேன்னு சண்டைக்கு வரக்கூடாது!"

அந்தக் குரங்கைப் பார்த்தீங்களா, குட்டியை வயித்துல கட்டிக்கிட்டு என்ன தாவு தாவுது. நாங்க ஸ்கூல் லீவுல வரும்போது இதே இடத்துலதான் மும்தாஜோட தொப்பியை ஒரு குரங்கு பிடுங்கிக்கிட்டுப் போச்சு. சிஸ்டர் அவளைத்தான் திட்டினாங்க, தொப்பியை ஏன் குரங்குகிட்ட குடுத்தேன்னு. அவ எங்கே குடுத்தா? அப்படித்தான் எப்பவும், பறிகொடுத்தவங்களைத்தான்...

விசில் குடுத்துட்டார்.

கிளம்பிடுச்சு.

ஆமாங்க. தெரியும். எனக்கும் கண் இருக்கு, முன்னாடி சீட் காலியாத்தான் இருக்கு. அந்தச் சாமி பக்கத்துலயே உட்கார்ந்திருந்தா அவர் சொல்லியிருப்பார். அவரை எழுப்பி விரட்டினது யாரு? நானா? நான் முட்டை ஊத்தினேனா?

அப்படிப் பார்க்காதீங்க என்னை. சரி, நான் சொல்லலை. எனக்கு ஆயிரம் காரணம் இருக்கு. நீங்க ஏங்க சொல்லலை? கண்டக்டர் உங்களைப் பார்த்துத்தான் கேட்டார். 'இவங்க வீட்டுக்காரர் இன்னும் வரலை'ன்னு ஒரு வார்த்தை. உங்களுக்கு என்ன வந்தது? உங்களை இன்னைக்குத்தான் பார்க்கறேன், உங்களுக்கு அவர் என்ன பண்ணினார்?

சிரிக்கறீங்க. சிரிங்க.

ஐயோ, எவ்வளவு அமைதியா இருக்குங்க. முன்னாடி சீட்ல யாரும் திரும்பிப் பார்க்கலை. இந்த மரமெல்லாம் இவ்வளவு நேரமா இங்கேதான் இருந்ததா?

போன் அடிக்குது. என் போன்தான். கைப்பையில், சைடு ஜிப்புல. என்னால எடுக்க முடியாது, ரெண்டு கையும் ட்ரேயில் இருக்கு. நீங்க எடுங்க. ஹலோ சொல்லாதீங்க, அப்படியே என் காதுல வைங்க.

சொல்லுங்க... ம்... ஆமா, கிளம்பிடுச்சு... இல்லைங்க, கவனிக்கலை, இங்கே பேசிக்கிட்டிருந்தேன்... ம்... ம்... எதுக்கு? நீங்க எதுக்கு அதைச் சொல்றீங்க... சரி, விடுங்க... இல்லை, சாயலை... நேராத்தான் பிடிச்சிருக்கேன்... குச்சி சாஞ்சிருக்கு, ஆனா தாண்டலை... தெரியும், போன உடனே ஃப்ரிட்ஜ்... சரிங்க. வந்து சேருங்க. மஃப்ளரைச் சுத்திக்கங்க.

கட் பண்ணிடுங்க. அந்தச் சிவப்பு. ஆங்.

சாரி சொல்றாருங்க. என்னை ஏன் விட்டுட்டுப் போனேன்னு ஒரு வார்த்தை கேட்கலை. ஐஸுக்கு நின்னது அவர் தப்பாம், நான் தனியா ட்ரேயைத் தூக்கிக்கிட்டுக் கஷ்டப்படறேனாம், சாரி பிரமிங்கறார். பின்னாடியே ஒரு பஸ் வருதாம், டிரைவர் இவருக்கு ரொம்ப சிநேகமாயிட்டாராம், ஊட்டி பஸ் ஸ்டாண்டுலயே நம்ம பஸ்ஸைப் பிடிச்சுடலாம்னு சொல்லியிருக்காராம். அந்த டிரைவரையும் நாளைக்கு டிபனுக்குக் கூப்பிட்டுட்டாராம்.

இந்த மனுஷன்கிட்ட இருந்து எப்படிங்க தப்பிக்கிறது?

கீழே வைக்கறதா? ஏங்க, கீழே வச்சா இந்த வளைவுல எல்லாம் ஒரு பக்கமா ஓடிடும். கறியெல்லாம் ஜெயஸ்ரீ பக்கம் வந்துடும், அவ பட்டினி கிடப்பா. அதோட, உப்பு போட்டது நான். நாளைக்கு அது சரியா வரலைன்னா... இல்லை இல்லை, நீங்க பிடிக்க வேண்டாம், உங்களுக்கு நேராப் பிடிக்கத் தெரியாது. வளைவு வரும்போது இடுப்பைத் திருப்பணும், கையை அசைக்கவே கூடாது. இதோ, இப்படி.

ஒரு உதவி மட்டும் பண்ணுங்க. அந்த ஜன்னல் இடுக்குல இருந்து காத்து அடிக்குது, முடி வந்து கண்ணுல விழுது. கொஞ்சம் ஒதுக்கி விடுங்க. காதுக்குப் பின்னாடி. இன்னும் கொஞ்சம்.

கையை எடுக்க முடியலை.